கிணறு யார் பக்கம்

சலவை நிலையம்,
ஜூன் 4

அக்காவுக்கு,

வணக்கம். போன வாரம் உங்கள் மருத்துவமனைக்கு இரண்டு தடவை போன் செய்தேன். இரண்டு தடவையும் "சிஸ்டர் வார்டுல இருக்காங்க" என்று ஒரு பெண் சொன்னாள். நீங்கள் பக்கத்திலேயே நின்று கைகாட்டிக்கொண்டிருந்தீர்கள் என்பது அவள் குரலிலேயே தெரிந்தது. பரவாயில்லை. எழுதினால் படிப்பீர்கள். வந்த கடிதத்தைப் படிக்காமல் கிழிக்கிற ஆள் இல்லை நீங்கள் என்று அவர் எப்போதோ சொல்லியிருக்கிறார்.

விஷயம் இதுதான். சலவைக்குப் பெரிய இயந்திரம் ஒன்று போடப் பார்க்கிறேன். அதற்குக் கூடுதல் மின்சாரம் வேண்டும். இடத்தின் ஆவணம் என் பெயரில் இருந்தால்தான் தருவோம் என்று மின் அலுவலகத்தில் சொல்லிவிட்டார்கள். அவர் இறந்து ஒரு வருடம் ஆகிறது, எப்படியும் செய்ய வேண்டியதுதானே என்று நில அளவை அலுவலகத்துக்குப் போனேன். அங்கே வரைபடத்தை விரித்துக் காட்டியதும் எனக்குத் தலை சுற்றியது.

விவாகரத்தின்போது அவர் உங்களுக்கு எழுதிக்கொடுத்தது வடக்குப் பகுதி, அவர் மரக்கடைக்கு மரம் அடுக்கிவைத்திருந்த காலியிடம். தெற்கே வீடும் கிணறும் துணி காயப்போடும் முற்றமும். நடுவில் வேலி கிடையாது, தேவைப்படவும் இல்லை. உங்கள் இடத்தில் நான் ஒரு ஆணிகூட அடித்தது கிடையாது. ஆனால் அந்தப் படத்தில் எல்லைக்கோடு என் சமையலறை ஜன்னலை உரசிக்கொண்டு போகிறது. கிணறு உங்கள் பக்கம். கொடிக்கம்பம் அத்தனையும் உங்கள் பக்கம்.

"இது தப்பு சார்" என்றேன்.

"தப்போ சரியோ, படத்துல இருக்கறதுதான் பேச்சு. பக்கத்து உட்பிரிவுக்காரங்க சம்மதிச்சா சுலபமா திருத்திடலாம். இல்லன்னா மனு போடுங்க, வந்து அளப்போம்" என்றார் அங்கிருந்தவர்.

சம்மதப் படிவத்தைக் கூடவே வைத்திருக்கிறேன். ஒரு கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதும். கிணறு இல்லாமல் சலவைக்காரிக்குப் பிழைப்பு ஏது, சொல்லுங்கள்.

உங்கள் தங்கை போன்றவள்

*

செவிலியர் குடியிருப்பு,
ஜூன் 17

சலவை நிலைய உரிமையாளர் அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. படிவத்தைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன், வெறுமையாகவே.

முதலில், எனக்குத் தங்கைகள் கிடையாது. ஒருத்தி வெளியேறிய வீட்டில் வந்து குடியேறுகிறவளுக்குத் தமிழில் வேறு ஏதாவது சொல் இருக்கும். தங்கை என்று சொல்வதில்லை.

அடுத்த ஆண்டு ஓய்வு பெறுகிறேன். அந்த இடத்தில் சிறியதாக ஒரு வீடு கட்டிக்கொள்ளலாமா, விற்றுவிடலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தேன். என் பத்திரத்தில் உட்பிரிவு எண் மட்டுமே இருக்கிறது, அளவு இல்லை. அதனால் அரசாங்கப் படம் என்ன சொல்கிறதோ அதுதான் என் இடம். படம் எனக்குக் கிணறு கொடுத்தால் நான் ஏன் வேண்டாம் என்று சொல்ல வேண்டும்?

இப்போது நான் கேட்கிறேன். அந்தக் கிணறு எப்போது வந்தது? நான் இருந்தபோது கிணறு கிடையாது. தெருமுனைக் குழாயிலிருந்து சுமந்தேன். வார்டில் நின்று வீங்கிய காலோடு சுமந்தேன். "ஒரு கிணறு வெட்டலாமே" என்று கேட்டால் "பாக்கலாம்" என்பார். அந்தப் "பாக்கலாம்" என்ற ஒரு வார்த்தையில்தான் என் மணவாழ்க்கை முழுவதும் ஓடி முடிந்தது. எனக்கு ஒரு வாளி தண்ணீர் தூக்கித் தராத மனிதர், உங்களுக்குப் பூமியையே தோண்டிக் கொடுத்தாரா? எப்போது? நீங்கள் வந்து எத்தனை நாளில்? கேட்டு வாங்கினீர்களா, கேட்காமலே கிடைத்ததா?

கையெழுத்து கிடைக்காது. பதில் மட்டும் எழுதுங்கள்.

வார்டு சிஸ்டர்

*

சலவை நிலையம்,
ஜூன் 25

வார்டு சிஸ்டர் அவர்களுக்கு,

கேட்டீர்கள், சொல்கிறேன். நான் வந்த முதல் கோடையில் வெட்டினார். நான் கேட்கவே இல்லை. ஒரு நாள் ஆட்களோடு வந்து நின்றார். இதைப் படித்து உங்கள் வயிறு எரியட்டும் என்றுதான் எழுத உட்கார்ந்தேன். எழுத எழுத என் வயிறுதான் எரிகிறது.

ஏனென்றால், "சமையக்கட்டுப் பக்கமா வெட்டுங்களேன், எட்டி எடுத்துக்கலாம்" என்று நான் கேட்டேன். "இல்ல, அங்கதான்" என்று வடக்கே கையை நீட்டினார். ஏன் என்றதற்குப் பதில் இல்லை. அவர் பதில் சொல்லாததெல்லாம் உங்களுக்குத் தெரிந்த கதைதான். புதுப் பெண்டாட்டி, நானும் விட்டுவிட்டேன். அத்தனை வருடம் நடந்து போய் இறைத்தேன்.

இப்போது படம் சொல்கிறது, "அங்க" என்றால் உங்கள் இடம் என்று. ஒரு சாண் பலகைக்கு வாடிக்கையாளரோடு மல்லுக்கு நிற்கிற மனிதருக்குத் தன் எல்லை தெரியாமல் போகுமா? தெரிந்தேதான் உங்கள் மண்ணில் தோண்டியிருக்கிறார். என்றாவது நீங்கள் திரும்பி வந்தால் தண்ணீருக்கு அலையக் கூடாது என்று. அப்படியானால் நான் யார்? உங்கள் கிணற்றுக்குக் காவல்காரியா?

இதையும் சொல்லிவிடுகிறேன். யாரிடமும் சொன்னதில்லை. கடைசிக் காய்ச்சலில் கிடந்தபோது நான் கஞ்சியோடு உள்ளே போனேன். கண்ணைத் திறந்து என்னைப் பார்த்து, "டூட்டி முடிஞ்சுதா?" என்று கேட்டார். அவ்வளவு மென்மையாக. என்னிடம் அந்தக் குரலில் அவர் பேசியதே இல்லை. நான் எந்த டூட்டிக்குப் போனேன்? "முடிஞ்சுது, தூங்குங்க" என்று சொல்லிவிட்டு வெளியே வந்து நின்றேன். கையில் கஞ்சி ஆறிப்போனது.

மனு கொடுத்துவிட்டேன். அறிவிப்பு உங்களுக்கும் வரும். அளந்து பார்க்கட்டும். அந்தக் கிணறு என் பக்கம் வந்தாக வேண்டும். தண்ணீருக்காக மட்டும் இல்லை.

இப்படிக்கு,
அவருடைய மனைவி

*

செவிலியர் குடியிருப்பு,
ஜூலை 6

சலவை நிலைய உரிமையாளர் அவர்களுக்கு,

உங்கள் கடிதத்தைத் திரும்பத் திரும்பப் படித்தேன். மேசையில் வைத்துப் படித்தேன், பஸ்ஸில் படித்தேன், மருந்து அலமாரியைத் திறந்து வைத்துக்கொண்டு அதன் கதவு மறைவில் படித்தேன். மகிழ்ச்சியை மறைத்துப் பண்பாக எழுதலாம். எனக்கு மறைக்கத் தோன்றவில்லை.

நான் அந்த வீட்டைவிட்டுக் கிளம்பிய அன்று என்ன நடந்தது என்று அவர் உங்களிடம் சொல்லியிருக்க மாட்டார். எனக்கு இந்த ஊருக்கு மாற்றல் வந்திருந்தது. பெட்டியோடு வாசலில் நின்றேன். அவர் யாருக்கோ மரத்துக்கு ரசீது எழுதிக்கொண்டிருந்தார். "போகாதே" என்று ஒரு வார்த்தை வரும் என்று நின்றேன். அந்த வார்த்தைக்காக ஒரு பஸ்ஸைத் தவறவிட்டேன். அடுத்த பஸ்ஸில் ஏறினேன். மற்றதெல்லாம் வக்கீல் எழுதியதுதான்.

அன்றைக்குச் சொல்லாததை மண்ணைத் தோண்டிச் சொல்லியிருக்கிறார் என்று, வேறு யாரும் இல்லை, நீங்களே எழுதி அனுப்பியிருக்கிறீர்கள். இதைவிட எனக்கு என்ன வேண்டும்? பிள்ளை இல்லாததுதான் நம் இருவருக்கும் பொதுவான ஒரே சொத்து என்று இதுவரை நினைத்திருந்தேன். இப்போது எனக்குக் கூடுதலாக ஒன்று இருக்கிறது.

உங்கள் மனுவுக்கு ஆட்சேபணை அனுப்பிவிட்டேன். அளக்கிற அன்று நேரில் வருகிறேன். என் கிணற்றைப் பார்க்க.

வார்டு சிஸ்டர்

*

செவிலியர் குடியிருப்பு,
ஜூலை 30

சலவைக்காரிக்கு,

வந்து சேர்ந்தேன். கயிறு கிழித்த உள்ளங்கை இன்னும் எரிகிறது. ஊர்க் காயத்துக்கெல்லாம் மருந்து போடுகிறவள் நான். என் கையைப் பார்த்து ஒரு பயிற்சி நர்ஸ் கேட்டதற்கு ஜன்னல் இடுக்கில் மாட்டியது என்று பொய் சொன்னேன்.

நான் எடுத்தது ஒரு வாய்த் தண்ணீர். அளக்க வந்தவர்கள், தெருவில் நின்றவர்கள் எல்லார் முன்பும் "என் தண்ணியத் தொடாதீங்க" என்று வாளியைப் பிடுங்குவாய் என்று நான் நினைக்கவில்லை. "படத்தப் பாருடி, யாரு தண்ணின்னு தெரியும்" என்று நானும் கத்துவேன் என்று அதைவிட நினைக்கவில்லை. வார்டில் குரல் உயர்த்தாதவள் என்று பெயரெடுத்தவள். 'டி' போட்டது தப்புதான். அதற்கு வருந்துகிறேன், வேறு எதற்கும் இல்லை. இனி 'நீங்கள்' என்று எழுதினால் அது வேஷம். 'நீ' என்றே எழுதுகிறேன்.

அந்த அளவைக்காரப் பெண்ணின் பொறுமைதான் பெரிது. "அம்மா, ரெண்டு பேரும் கயித்த விட்டுட்டு டேப்பப் பிடிங்க. ஆளுக்கொரு முனை" என்றாளே. நாமும் பிடித்தோமே. டேப் விறைத்து நின்றபோது நீ நடுங்கியது என் விரலுக்கு வந்தது. என்னுடையது உனக்கு வந்திருக்கும். "கூடப்பொறந்தவங்களா? சண்டையைப் பாத்தா அப்படித்தான் தெரியுது" என்று அவள் கேட்டதற்கு நாம் இரண்டு பேரும் ஒரே சமயத்தில் "இல்ல" என்றோம். அந்த ஒன்றில்தான் நமக்குள் ஒற்றுமை.

ஆனால் நான் எழுத உட்கார்ந்தது இதற்கு இல்லை. உன் கடை வாசலில் தொங்கும் பெயர்ப்பலகை. எழுத்துக் கோணலாக இருக்கிறது, 'சலவை நிலையம்' என்று. பக்கத்தில் நீல நிறத்தில் ஒரு பூ. அந்த எழுத்து யாருடையது என்று எனக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. எத்தனை ரசீதில் பார்த்திருக்கிறேன். ஆனால் பூ? அவர் பூ வரைவாரா? என்னோடு வாழ்ந்தவர் மரப்பலகையைத் தவிர எதையும் கையில் பிடித்து ரசித்தவர் இல்லை. தூரிகை வாங்கி, வண்ணம் குழைத்து, ஏணி போட்டு ஏறி, உனக்காக இதழ் இதழாக வரைந்திருக்கிறார். நீ கீழே நின்று ஏணியைப் பிடித்திருப்பாய். சிரித்திருப்பாய். பஸ்ஸில் வரும்போது வழியெல்லாம் அந்த ஏணிதான் கண்ணில் நின்றது.

கிணறு எனக்கு, பூ உனக்கு என்று பாகம் பிரித்தாரா? எனக்குப் பூவும் வேண்டும் என்று இருக்கிறது. ஓய்வு பெறப்போகிற வயதில் இப்படி எழுதக் கூச்சமாகத்தான் இருக்கிறது. எழுதிவிட்டேன்.

*

சலவை நிலையம்,
ஆகஸ்ட் 14

வார்டு சிஸ்டருக்கு,

கிணறு என் பக்கம்! எப்போதும் என் பக்கம்தான்!

உங்களுக்கும் அலுவலகத்திலிருந்து தாள் வரும், அதற்கு முன் நானே சொல்லிவிட வேண்டும் என்று முந்திக்கொண்டு எழுதுகிறேன். பழைய அளவுப் பதிவைத் தேடி எடுத்துப் பார்த்தார்களாம். அதில் தெற்குப் பகுதி அகலம், வடக்கு ஒடுக்கம். புதுப் படம் வரைந்தவர் யாரோ இரண்டு அகலத்தையும் இடம் மாற்றிப் போட்டுவிட்டார். அவ்வளவுதான். யாரும் எதையும் நகர்த்தவில்லை. பழைய அளவுப்படி எல்லைக்கல் எங்கே இருக்க வேண்டும் என்று குறித்துக்கொண்டு, உங்கள் பக்கத்துப் பழைய மரத்தூள் மேட்டைக் கிளறினார்கள். கல் அங்கேயே புதைந்து கிடந்தது. கிணற்றுக்கும் அதற்கும் நடுவில் ஒரு லாரி நிற்கலாம்.

ஆக, அவர் உங்கள் இடத்தில் தோண்டவில்லை. தன் இடத்தில், தன் வீட்டில், நான் வந்த கோடையில் தோண்டினார். இது தெரிந்த அன்றைக்குச் சாயங்காலம் நான் நன்றாக உடுத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தேன், என்னவோ விருந்தாளி வரப்போவது போல.

அதோடு நின்றிருக்கலாம். நிற்கவில்லை. 'உனக்காகத்தாம்மா வெட்டினாரு' என்று வேறொரு வாய் சொல்லிக் கேட்க வேண்டும் என்று ஆசை. கிணறு வெட்டியபோது கூட இருந்த மேஸ்திரி இன்னும் இருக்கிறார், காது கொஞ்சம் மந்தம். போய்க் கேட்டேன். கத்திக் கத்திக் கேட்டேன்.

"எதுக்கு அங்க தள்ளி வெட்டினாரா? லாரி திரும்ப வேணாமா? சமையக்கட்டுப் பக்கம் வெட்டினா லாரி பின்னால வரும்போது இடிச்சுக்கும்" என்றார்.

"சரி, கிணறே எதுக்கு வெட்டினாரு?"

"மரம் ஊறப்போட்ற தொட்டிக்குத் தண்ணி பத்தலம்மா. அந்த வருஷம் லோடு ஜாஸ்தி."

கேட்டீர்களா? உங்களுக்கும் இல்லை, எனக்கும் இல்லை. மரத்துக்கும் லாரிக்கும். ஊரிலே பெண்கள் பெண்களைப் பார்த்துப் பொறாமைப்படுவார்கள். நான் ஒரு பழைய லாரியைப் பார்த்துப் பொறாமைப்படுகிறேன். உங்களை ஜெயித்துவிட்டேன் என்று வீட்டுக்கு வந்து சிரித்துப் பார்த்தேன். சிரிப்பு வந்தது, ஆனால் நிலைக்கவில்லை.

பூவைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். ஏணியை நான் பிடிக்கவில்லை. வெளியூர் போயிருந்தேன், வந்து பார்த்தால் மாட்டியிருந்தது. இது உங்களுக்கு ஆறுதலா, இல்லை இன்னும் எரிச்சலா, எனக்குத் தெரியாது. ஆனால் பூவைத் தர மாட்டேன். உங்களிடம் அந்த "டூட்டி முடிஞ்சுதா" இருக்கிறது. அதை எந்த அலுவலகத்தில் மனு கொடுத்து என் பெயருக்கு மாற்றுவது?

ஆட்சேபணையை நீங்கள் விலக்கிக்கொண்டால் உடனே திருத்தம் செய்து தந்துவிடுவார்களாம். இல்லையென்றால் விசாரணை, வாய்தா என்று இழுக்குமாம். உங்கள் இஷ்டம்.

*

செவிலியர் குடியிருப்பு,
ஆகஸ்ட் 29

சலவைக்காரிக்கு,

ஆட்சேபணையை விலக்கிக்கொள்வதாக அலுவலகத்துக்கு எழுதிவிட்டேன். அதன் நகலும், கையெழுத்திட்ட சம்மதமும் இத்துடன் இருக்கின்றன. உன் இயந்திரத்தைப் போட்டுக்கொள்.

லாரி. படித்ததும் வாய்விட்டுச் சிரித்தேன். அவரேதான் அது. நாம் இருவரும் அவரை வேறு யாரோவாக ஆக்கி, அந்த ஆளுக்காகக் கயிற்றை இழுத்திருக்கிறோம்.

உன்னிடம் ஒன்று சொல்லியாக வேண்டும். உன் இரண்டாவது கடிதம் வந்ததிலிருந்து இந்தக் கடைசிக் கடிதம் வரும்வரை, ஒருவர் கிணறு வெட்டிவைத்துக் காத்திருந்த பெண்ணாக நான் நடமாடினேன். என் நடையே மாறிவிட்டது என்று ஒருத்தி சொன்னாள். இங்கே எல்லாருக்கும் நான் புருஷன் விட்ட சிஸ்டர். முகத்துக்கு நேரே சொல்ல மாட்டார்கள். அவரவர் வீட்டுக்காரர் வாங்கிக்கொடுத்ததைக் காட்டும்போது என்னிடம் மட்டும் கொஞ்சம் தணிந்த குரலில் காட்டுவார்கள். அந்தத் தணிந்த குரலை இத்தனை வருடம் கேட்டிருக்கிறேன். ஒரு நாள் தேநீர் வேளையில் பொறுக்க முடியவில்லை. "நான்தான் விட்டுட்டு வந்தேன், அவர் என்னை விடல. என் இடத்துல எனக்காகக் கிணறு வெட்டி வெச்சிருக்கார்" என்று சொல்லிவிட்டேன். ஒரு சின்னப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அடுத்த நாள் மற்ற வார்டுகளுக்கும் போய்விட்டது.

இப்போது "இல்லை, அது லாரி திரும்புவதற்காக" என்று சொல்ல வேண்டும். பல தடவை வாயைத் திறந்தேன். வரவில்லை.

அழுத அந்தப் பெண் விடுமுறைக்கு உன் ஊர் வழியாகப் போகிறாளாம். இறங்கிப் பார்த்துவிட்டுப் போக வேண்டும் என்று ஒற்றைக்காலில் நிற்கிறாள். வழி கேட்டாள். சொல்லாமல் இருந்தால் சந்தேகம் வரும் என்று சொல்லிவிட்டேன். அவள் வந்தால் உள்ளதை உள்ளபடி சொல். உன் கிணறு, உன் வீட்டுக்காரர். நான் உன்னிடம் எதுவும் கேட்கவில்லை.

*

சலவை நிலையம்,
அக்டோபர் 11

சிஸ்டருக்கு,

திருத்திய படம் கைக்கு வந்தது. உங்களுக்கு ஒரு நகல் வைத்திருக்கிறேன். மின்சாரமும் வந்துவிட்டது. இயந்திரம் போடும் சத்தத்தில் பக்கத்து வீட்டுக்காரர்கள் என்னோடு பேசுவதை நிறுத்திவிட்டார்கள்.

உங்கள் பெண் நேற்று வந்தாள். ஒல்லியாக, பெரிய கண்ணாடி போட்டுக்கொண்டு. நான் புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு போர்வைகளை உதறிக்கொண்டிருந்தேன். நேரே கிணற்றடிக்குப் போய், இரண்டு கையையும் சுவரில் வைத்து எட்டிப் பார்த்தாள்.

"இதுதான் சிஸ்டரோட கிணறா?" என்றாள். என்னைத் திரும்பிப் பார்த்து, "நீங்க இங்க வேலை பாக்கறீங்களா?" என்றும் கேட்டாள்.

வேலைக்கு இருப்பவள் என்று நினைத்துவிட்டாள். 'நான்தான் அவர் பெண்டாட்டி' என்று சொல்ல வாய் வரை வந்தது. பிழிந்த போர்வை ஒன்று கையில் இருந்தது, அதை இன்னொரு தடவை பிழிந்தேன்.

"ஆமா, வேலைதான் பாக்கறேன்" என்றேன்.

"அவர் நெஜமாவே சிஸ்டருக்காக வெட்டினதா?"

மேஸ்திரி சொன்னதெல்லாம் நாக்கு நுனியில் நிற்கிறது. லாரி, லோடு, தொட்டி, எல்லாம். நீங்கள் "எதுவும் கேட்கவில்லை" என்று எழுதியிருந்ததும் நிற்கிறது. கேட்டிருந்தால் மாட்டேன் என்றிருப்பேன். கேட்காமல் விட்டீர்கள், அதுதான் கெட்டிக்காரத்தனம்.

"ஆமாம்மா" என்றேன். "அவங்க திரும்பி வந்தா தண்ணிக்கு அலையக் கூடாதுன்னு வெட்டினாரு."

மறுபடியும் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அழுமூஞ்சி. வாளியை விட்டு இறைத்துக் குடித்தாள். கிணற்றோடு சேர்ந்து நின்று படம் எடுத்துக்கொண்டாள், அதை எடுத்ததும் நான்தான். போகும்போது பலகையை நிமிர்ந்து பார்த்து, "இந்தப் பூவும் சிஸ்டருக்காக வரைஞ்சதா?" என்று கேட்டாள். "இல்ல, அது வேற ஒருத்தங்களுக்கு" என்றேன். அதற்குமேல் என்னால் முடியாது, தெரிந்துகொள்ளுங்கள்.

அவள் போன பிறகு எனக்கு யார்மேலோ ஆத்திரமாக வந்தது. உங்கள்மேலா, அவர்மேலா, அந்தப் பெண்மேலா தெரியவில்லை. உதறி வைத்த போர்வைகளை எல்லாம் மறுபடி அள்ளிப்போட்டுத் துவைத்தேன். ஒன்றுகூட அழுக்கில்லை.

உங்கள் மருத்துவமனையில் இன்னும் எத்தனை பேரிடம் சொல்லி வைத்திருக்கிறீர்கள்? இனி யாராவது வருவதாக இருந்தால் முன்கூட்டியே எழுதுங்கள். ஒவ்வொரு தடவையும் என்னால் முடியும் என்று நினைத்துவிடாதீர்கள்.